ஹலெப்பிலிருந்து வந்த ஒரு வரி

அந்த வருஷம் ஆகஸ்ட் வரை நான் வேலையில்லாமல் அக்கா வீட்டில் பீன்ஸ் நறுக்கிக்கொண்டிருந்தேன். செப்டம்பரில் மூன்று பத்திரிகைகள் என்னைத் தேடி ஆள் அனுப்பின. திடீரென்று எனக்குத் திறமை கூடிவிடவில்லை. பிரெஞ்சுக் கன்னியாஸ்திரீகள் பள்ளியில் படித்தவள் என்பதால் இடமிருந்து வலமாக எழுதத் தெரியும், அவ்வளவுதான். துருக்கியின் எழுத்தையே லத்தீன் எழுத்தாக மாற்றப்போகிறார்கள் என்ற அறிவிப்பு வந்திருந்தது. டிசம்பர் முதல் தேதியிலிருந்து எந்தப் பத்திரிகையும் பழைய அரபு எழுத்தில் வரக்கூடாது. ஜனவரியிலிருந்து புத்தகமும் கூடாது. அதனால், நேற்று வரை யாருக்கும் வேண்டாதிருந்த என் படிப்புக்கு இஸ்தான்புல்லில் திடீர் மவுசு.

பத்திரிகைத் தெருவான பாபாலி ஏற்றத்தில் இருந்த ஒரு பத்திரிகையில் சேர்ந்தேன். அங்கே மட்டும்தான் எழுதுகிற அறையில் கணப்பு இருந்தது. ஆசிரியர் கெனான் பே முதல் நாளே கேட்டார்.

"மெதிஹா ஹனிம், வஸ்ஃபி பேயோட கையெழுத்து உங்களுக்குப் படிக்க வருமா?"

"வரும்."

"அவருக்கே வராது. பரவாயில்ல, உக்காருங்க."

வஸ்ஃபி பே எங்கள் தொடர்கதை எழுத்தாளர். ஐம்பத்திரண்டு வயது, கனத்த உடம்பு, கோடையிலும் சாம்பல் நிறக் கையுறை. ஏப்ரல் முதல் அவர் எழுதிவந்த 'மூன்று விளக்கு வீடு' கதைக்காகவே பத்திரிகை வாங்கியவர்கள் ஏராளம். தெற்குப் போர்முனைக்குப் போன கேப்டன் ஷெகிப், கடலோர வீட்டில் காத்திருக்கும் அவன் மனைவி, இவ்வளவுதான் கதை. எட்டு மாதமாக அவள் காத்திருந்தாள். அவளோடு சேர்ந்து ஊரும் காத்திருந்தது. வஸ்ஃபி பே பழைய எழுத்தில் எழுதித் தருவதை நான் புதிய எழுத்துக்கு மாற்றித் தர வேண்டும். அதுதான் என் வேலை; டிசம்பருக்குத் தயாராக செப்டம்பரிலேயே மாற்றிப் பழகத் தொடங்கிவிட்டோம்.

அந்த இலையுதிர் காலத்தில் ஊரில் யாருக்கும் எதுவும் தெளிவாக இல்லை. கசாப்புக் கடைக்காரர் புதுப் பலகை எழுதி மாட்டினார். அதில் ஒரு எழுத்து தலைகீழாக இருந்தது. ஆனால் அதைச் சொல்லக்கூடிய ஆள் தெருவில் இல்லாததால் அது அப்படியே தொங்கியது. என் அத்தான், வங்கியில் இருபது வருஷம் வேலை பார்த்தவர், சாப்பாட்டு மேஜையில் குழந்தைகளோடு உட்கார்ந்து எழுத்துக்கூட்டினார். மகள் அவரைவிட முன்னால் போய்விட்டதும் பென்சிலை எறிந்துவிட்டுத் தோட்டத்துக்குப் போனார். கெனான் பே புதிய எழுத்தில் எங்களுக்குக் குறிப்பு எழுதி அனுப்புவார். பத்து நிமிஷம் கழித்து அவரே வந்து, "அதுல நான் என்ன எழுதியிருந்தேன்?" என்று கேட்பார்.

அச்சுக்கூடம் இன்னும் மோசம். அங்கே அச்சுக் கோர்ப்பவர்களின் தலைவர் கார்னிக் உஸ்தா. அறுபது வயது ஆர்மீனியர். முப்பது வருஷமாகப் பிரெஞ்சு விளம்பரங்கள் கோர்த்தவர், அதனால் அவருக்குக் கவலை இல்லை. மற்றவர்கள் பாடுதான் திண்டாட்டம். ஐந்நூறு அறை கொண்ட பழைய எழுத்துப் பெட்டியில் கண்ணை மூடிக்கொண்டு கை போட்டு எடுத்தவர்கள், இருபத்தொன்பது எழுத்துக்கு முன்னால் பிள்ளைகள்போல நின்றார்கள்.

"கை வலது பக்கம் போகுது, கண்ணு இடது பக்கம் போகுது," என்பார் கார்னிக் உஸ்தா. "நடுவுல நான் நிக்கிறேன் மகளே, என்மேல வந்து முட்டுறானுங்க."

நவம்பர் முப்பதாம் தேதி பழைய எழுத்தில் கடைசி இதழ் வந்தது. அன்றைய தொடர்கதையின் கடைசியில் ஷெகிப்பின் மனைவிக்கு ஒரு கடிதம் வருகிறது. போர் முடியும் தறுவாயில் சிரியாவில் ஹலெப் நகரத்து ராணுவ ஆஸ்பத்திரியிலிருந்து யாரோ எழுதியது. இங்கே குளிர் தொடங்கிவிட்டது, தண்ணீர் நல்ல தண்ணீர், இறைவன் உங்களுக்குப் பொறுமையைத் தரட்டும் என்றெல்லாம் சொல்லிவிட்டு, முடிவில் ஷெகிப்பைப் பற்றி ஒரே ஒரு வரி.

அந்த வரியைப் பற்றிச் சொல்ல வேண்டும். எங்கள் மொழியில் 'ஆனார்' என்ற சொல்லுக்கும் 'இறந்தார்' என்ற சொல்லுக்கும் உயிரொலியில் மட்டும்தான் வேறுபாடு. பழைய எழுத்தில் அந்த வேறுபாடு தெரியாது, இரண்டுக்கும் ஒரே வடிவம். முன்பின் பார்த்துத்தான் படிப்போம். ஆனால் இந்த வரியில் முன்பின் பார்த்தும் பயனில்லை. 'ஷெகிப் பே ஹலெப்பில் கைதி ஆனார்' என்றும் படிக்கலாம். 'ஷெகிப் பே ஹலெப்பில் கைதியாக இறந்தார்' என்றும் படிக்கலாம். புதிய எழுத்திலோ இறந்தார் என்றால் உயிரெழுத்தின் தலையில் இரண்டு புள்ளி வைத்தே ஆக வேண்டும்.

மறுநாள் இதழுக்கான பகுதி, அந்த மனைவி அதே வரியை வாய்விட்டுப் படிப்பதில் தொடங்கியது. நான் பேனாவோடு உட்கார்ந்துவிட்டேன்.

"கைதி ஆனார்தான். இதுல என்ன சந்தேகம்?" என்றார் கெனான் பே. "ஹீரோவைக் கொன்னுட்டா அப்புறம் யாரைப் பத்தி எழுதறது?"

கார்னிக் உஸ்தா மூக்குக் கண்ணாடியை ஏற்றிப் பார்த்தார். "செத்துட்டான். 'பொறுமையைத் தரட்டும்'னு எழுதியிருக்கே. கைதியானவன் பெண்டாட்டிக்கு எதுக்குப் பொறுமை?"

"கைதியானவன் பெண்டாட்டிக்குத்தான் பொறுமை வேணும் உஸ்தா. விதவைக்கு எதுக்கு?" என்றார் கெனான் பே.

அறையில் இருந்தவர்கள் இரண்டாகப் பிரிந்து சண்டை போட்டார்கள். வஸ்ஃபி பே கடலுக்கு அக்கரையில், காதிகோய் பகுதியில் இருந்தார். அவர் வீட்டில் தொலைபேசி கிடையாது. பிற்பகலுக்குள் பக்கம் கட்ட வேண்டும். கதையில் அடுத்த வரியில் அந்தப் பெண் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்கிறாள். அதை வைத்து நான் புள்ளிகளை வைத்தேன். ஷெகிப் இறந்தான்.

ஆனால் மறுநாள் காலை பத்திரிகையில் அவன் உயிரோடு இருந்தான். வெளிநாட்டு வார்ப்பாலை அனுப்பிய எழுத்துகளில் அந்தப் புள்ளி வைத்த எழுத்து மிகக் குறைவு. முதல் பக்கத்து மந்திரி உரையே எல்லாவற்றையும் தின்றுவிட்டது. நான்காம் பக்கத்துக்கு வந்தபோது பெட்டி காலி. கோர்ப்பவர் புள்ளியில்லாத எழுத்தைப் போட்டுவிட்டார். எங்கள் மொழியில் கண், ஏரி, நான்கு, சொல் எல்லாவற்றிலும் அந்தப் புள்ளி எழுத்து உண்டு, அன்று பத்திரிகையில் எதுவும் சரியாக வரவில்லை. ஆனால் அவற்றை யாரும் கவனிக்கவில்லை. ஷெகிப் பிழைத்ததை மட்டும் படிக்கத் தெரிந்த அத்தனை பேரும் படித்துவிட்டார்கள்.

செவ்வாய்க்கிழமை வஸ்ஃபி பே வந்தார். கையுறையைக் கழற்றாமல் என் மேஜை முன் உட்கார்ந்தார்.

"கண்ணாடியை மறந்துட்டு வந்துட்டேன். கொஞ்சம் படிச்சுக் காட்டுங்க மெதிஹா ஹனிம்."

கண்ணாடி அவர் சட்டைப் பையில் துருத்திக்கொண்டிருந்தது. நான் பார்க்காததுபோல் படித்தேன். 'கைதி ஆனார்' என்ற இடத்தில் நிறுத்தினேன். அவர் ஜன்னல் வழியே எதிர்க் கட்டடத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"சரி. அப்படியே இருக்கட்டும்."

"அது அச்சுப் பிழை வஸ்ஃபி பே. நான் இறந்தார்னு எழுதிக் கொடுத்தேன். நீங்க எழுதினது எது?"

"நான் எழுதினதை நீங்க பார்த்தீங்களே."

"பார்த்தேன். அதனாலதான் கேக்கறேன்."

அவர் எழுந்து போய்விட்டார். கோபமா, வெட்கமா, எனக்குப் புரியவில்லை.

அடுத்த வாரம் மழை நாளில் ஒரு பெண் என்னைத் தேடி வந்தாள். முப்பத்தேழு முப்பத்தெட்டு வயது இருக்கும். நனைந்த கறுப்புக் கோட்டு, விரல்களில் புகையிலைக் கறை. பெயர் சிதிகா. காசிம்பாஷாவில் வீடு, புகையிலைக் கிட்டங்கியில் இலை பிரிக்கிற வேலை. கணப்புப் பக்கத்தில் நாற்காலி போட்டேன். உட்காரவில்லை.

"இந்தக் கதை எழுதறவர் என் வீட்டுக்குள்ள எப்ப வந்துட்டுப் போனார்?" என்று கேட்டாள்.

எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. அவள் கைப்பையிலிருந்து நாலாக மடித்த ஒரு தாளை எடுத்து என் முன் விரித்தாள். பத்து வருஷத்துக் கடிதம், மடிப்புகளில் கிழிந்து மெல்லிய துணி ஒட்டியிருந்தது. இங்கே குளிர் தொடங்கிவிட்டது. தண்ணீர் நல்ல தண்ணீர். இறைவன் உங்களுக்குப் பொறுமையைத் தரட்டும். கடைசியில் அதே வரி. ஷெகிப் பே என்ற இடத்தில் மட்டும் ஹைரி எஃபெந்தி என்று இருந்தது.

அந்தக் கையெழுத்தை மூன்று மாதமாகத் தினமும் படித்துக்கொண்டிருந்தவள் நான். அது வஸ்ஃபி பேயுடையது.

"கடைசிப் பழைய பேப்பர்ல இதைப் படிச்சேன்," என்றாள் சிதிகா. "யாரோ என் பெட்டியத் திறந்து பார்த்திருக்காங்கன்னு நினைச்சேன். மறுநாள் பேப்பர் எனக்குப் படிக்க வரல. பக்கத்து வீட்டுப் பொண்ணு எழுத்துக்கூட்டிப் படிச்சா. கைதி ஆனார்னு இருக்கு அத்தைன்னா. அதான் கேட்டுட்டுப் போலாம்னு வந்தேன் தங்கச்சி. எதை வச்சு அவ்வளவு உறுதியாப் போட்டீங்க?"

சொல்லாமல் இருக்க எவ்வளவோ முயன்றேன். பிறகு சொல்லிவிட்டேன். "எழுத்துப் பத்தலக்கா. புள்ளி வச்ச எழுத்து தீர்ந்துபோச்சு."

"தீர்ந்துபோச்சா," என்று திரும்பச் சொல்லிவிட்டு, அப்போதுதான் நாற்காலியில் உட்கார்ந்தாள்.

மெல்ல மெல்ல விஷயம் வந்தது. குடிப்பதிவேட்டில் அவள் கணவன் ஹைரி இன்றும் ராணுவத்தில் இருப்பதாகத்தான் இருக்கிறது. படகுத்துறையில் டிக்கெட் கொடுக்கிற ஹக்கி என்பவர், மனைவியை இழந்தவர், நாலு வருஷமாக அவளைக் கல்யாணத்துக்குக் கேட்டுக்கொண்டிருக்கிறார். பதிவு அலுவலகத்தில் போய் விசாரித்தால், ஏதாவது தாள் இருந்தால் கொண்டுவா, அதைப் புதிய எழுத்தில் எழுதி, எழுத்துத் தெரிந்தவர் ஒருவர் கையெழுத்தும் வாங்கி வா என்றார்களாம்.

"பத்து வருஷமா நீங்க இதை எப்படிப் படிச்சீங்கக்கா?" என்று கேட்டேன்.

"கேளுங்க. இது வந்த அன்னிக்கே நான் செத்துட்டார்னு படிச்சேன். பக்கத்துல என் மாமியார். அவங்க வாங்கிப் படிச்சாங்க. 'அல்லாவுக்கு நன்றி, பிடிபட்டுட்டான், உயிரோட இருக்கான்'னாங்க. நான் வாயைத் திறக்கல. அதுக்கப்புறம் ஒரே வீடு, ஒரே அடுப்பு. அவங்க மகன் வருவான்னு அவனுக்கு ஸ்வெட்டர் பின்னுவாங்க. நான் நூல் பிடிச்சுக் கொடுப்பேன். நீ எப்படிப் படிச்சேன்னு அவங்க ஒரு நாளும் கேக்கல. நானும் சொல்லல."

"இப்போ?"

"போன மார்ச்சுல அவங்க போயிட்டாங்க. நாப்பதாம் நாள் கழிஞ்சதும், சரி, இனிமே சொல்லிடலாம், யாரும் இல்லன்னு பெட்டியத் திறந்து எடுத்தேன். எடுத்துப் படிச்சா..." அவள் தாளை விரலால் தடவினாள். "கைதி ஆனார்னு வருது தங்கச்சி. எத்தனை தடவை படிச்சாலும் அப்படித்தான் வருது. பத்து வருஷம் வராதது இப்போ வருது. எனக்குப் பைத்தியமா?"

வெள்ளிக்கிழமை விடுமுறை நாளில் இருவரும் படகேறிக் காதிகோய்க்குப் போனோம். வஸ்ஃபி பே தானே கதவைத் திறந்தார். கூடத்து மேஜையில் பத்திரிகை ஒன்று விரித்திருந்தது. அதன் அடியிலிருந்து குழந்தைகள் அரிச்சுவடி ஒன்றின் மூலை நீட்டிக்கொண்டிருந்தது. நான் பார்த்ததை அவர் பார்த்தார். தேநீர் கொண்டுவரச் சொல்லி உள்ளே குரல் கொடுத்தார்.

சிதிகா கடிதத்தை அவர் முன் வைத்தாள். அவர் கையுறையைக் கழற்றினார். அதை அவர் கழற்றி நான் பார்த்ததே இல்லை. வலது கை விரல்களில் மூன்று விறைத்துப்போய் இருந்தன. கடிதத்தைத் தொட்டார், எடுக்கவில்லை.

"நான் எழுதினதுதான்," என்றார்.

"தெரியும்," என்றாள் சிதிகா.

"ஹலெப் விழுந்த சமயம். அந்த ஆஸ்பத்திரியில நான் எழுத்தர். கட்டில்ல கிடந்தவன், தரையில கிடந்தவன், டாக்டர், நான், எல்லாரும் ஒரே நாள்ல கைதி. செம்பிறைச் சங்கத்துக்காரர் ஒருத்தர் ஊருக்குக் கிளம்பறார், காகிதம் இருந்தா கொடுங்கன்னார். இருநூறு வீட்டுக்கு எழுதணும். இதுல எவன் பிழைப்பான், எவன் போவான்னு டாக்டருக்கே தெரியாது. காகிதம் இங்க வந்து சேர ரெண்டு மாசமோ மூணு மாசமோ. நான் உயிரோட இருக்கான்னு எழுதி, நீங்க படிக்கறப்ப அவன் இல்லாமப் போனா? செத்துட்டான்னு எழுதி, அவன் நடந்து வந்து கதவைத் தட்டினா?"

அவர் தேநீரில் சர்க்கரையைப் போட்டார், கலக்கவில்லை.

"அதனால எல்லாருக்கும் அந்த ஒரே வரி. அவங்கவங்க படிச்சுக்கட்டும்னு."

"படிச்சுக்கிட்டோம்," என்றாள் சிதிகா.

வெளியே தயிர்க்காரன் கூவிக்கொண்டு போனான். ஷெகிப்புக்கும் அதே வரியை ஏன் எழுதினீர்கள் என்று கேட்க நினைத்தேன். கேட்கவில்லை. அவருக்கு வேறு வரி தெரியாது என்று தோன்றியது. ஒருவேளை, பத்து வருஷமாக அந்த ஒரு வரிக்காகத்தான் மற்ற கதைகளையெல்லாம் எழுதினாரோ என்னவோ.

"ஹைரியை ஞாபகம் இருக்கா?" என்று சிதிகா கேட்டாள். "தச்சுப் பட்டறைக்காரர். ஒரு கையில சுண்டு விரல் கிடையாது, ரம்பத்துல போனது. சிரிச்சா சத்தமே வராது."

வஸ்ஃபி பே கண்ணை மூடிக்கொண்டார். மூடியபடியே பேசினார்.

"இருக்கு. ஜன்னலோரக் கட்டில். இடது கையில விரல் இல்ல. காகிதம் போன நாலாம் நாளோ அஞ்சாம் நாளோ... காய்ச்சல். ரொம்பக் கஷ்டப்படல. தூக்கத்துல போயிட்டார்."

"இடது கையா?"

"இடது கைதான்."

சிதிகா கடிதத்தை மடித்துப் பைக்குள் வைத்தாள். தேநீரை முழுதும் குடித்தாள். "உங்களுக்குச் சிரமம் கொடுத்துட்டோம், வஸ்ஃபி பே," என்று எழுந்தாள். அவர் வாசல் வரை வந்தார். கையுறை போட மறந்துவிட்டார்.

திரும்பும் படகில் மேல்தட்டில் உட்கார்ந்தோம். குளிர்காற்று. ஒருவர் எள் தூவிய ரொட்டி வளையம் விற்றுக்கொண்டு வந்தார், ஒன்று வாங்கி இரண்டாகப் பிட்டோம். சிதிகா தன் பாதியைக் கையிலேயே வைத்திருந்தாள்.

"வலது கை," என்றாள்.

"என்னக்கா?"

"ஹைரிக்கு விரல் போனது வலது கையில."

"அப்ப அவர் சொன்னது பொய்யா? உங்களைச் சமாதானப்படுத்த..."

"அப்படித்தான் நினைச்சேன், படியிறங்கற வரைக்கும்." அவள் தன் இரண்டு கைகளையும் மடியில் விரித்துவைத்துப் பார்த்தாள். "கல்யாணத்தன்னிக்கு அவர் என் எதிர்ல உக்காந்திருந்தார். எதிர்ல உக்காந்தா இடது வலதாத் தெரியும் இல்லையா? நான் பார்த்தது எந்தப் பக்கம்? சுத்தியலை எந்தக் கையில பிடிப்பார்? எனக்கு வரமாட்டேங்குது தங்கச்சி. மூணு வருஷம் கூட வாழ்ந்தேன். வரமாட்டேங்குது."

கரை வரும்வரை அவள் தன் கைகளை மாற்றி மாற்றிப் பார்த்துக்கொண்டே வந்தாள். இறங்கும்போது கடிதத்தை என்னிடம் கொடுத்தாள்.

"நீங்க எழுதிக் கொடுங்க."

"என்னன்னு எழுதட்டும்?"

"அதுல என்ன இருக்கோ அதை."

"அதுல ரெண்டும் இருக்கேக்கா."

"அப்ப உங்க கை எப்படிப் போகுதோ அப்படி," என்று சொல்லிவிட்டுக் கூட்டத்தில் நடந்துபோனாள்.

என் கை எப்படியும் போகவில்லை. இரண்டு மாதம் அந்தக் கடிதம் என் மேஜை இழுப்பறையில் கிடந்தது. ஒரு காலை ஹைரி இறந்திருப்பார் என்று தோன்றும், பேனாவை எடுப்பேன். அதற்குள் ஷெகிப்பைப் பற்றி வாசகர் கடிதம் ஒன்று வரும், ஹங்கேரியில் பார்த்தேன், எகிப்திலிருந்து எட்டு வருஷம் கழித்து வந்தவர்கள் உண்டு என்று எழுதியிருப்பார்கள், பேனாவை வைப்பேன். கதையில் வரும் ஆளைப் பார்த்தேன் என்று எழுதுகிறவர்களை நம்பி நான் ஏன் பேனாவை வைத்தேன் என்று இன்றும் விளங்கவில்லை.

வஸ்ஃபி பே பத்து நாள் எதுவும் எழுதி அனுப்பவில்லை. கெனான் பே தலையில் அடித்துக்கொண்டார். விற்பனை முன்பே பாதிக்கும் கீழே போயிருந்தது. வாங்கியவர்களில் பாதிப் பேர் படம் பார்க்கத்தான் வாங்கினார்கள். பிறகு ஒரு பகுதி வந்தது. அதில் ஷெகிப் ஆஸ்பத்திரி ஜன்னலோரக் கட்டிலில் படுத்திருக்கிறான், ஒரு எழுத்தர் அவன் பக்கத்தில் வந்து உட்காருகிறார். அதற்கப்புறம் கதை அந்தக் கட்டிலைவிட்டு நகரவே இல்லை.

ஜனவரி பிறந்ததும் ஊரெங்கும் பெரியவர்களுக்கான எழுத்துப் பள்ளிகள் திறந்தார்கள். மாவுக்கடைக்காரர், இமாம், படகோட்டி, எல்லாரும் சாயங்காலம் பலகைமுன் உட்கார்ந்தார்கள். பிப்ரவரிக் கடைசியில் சிதிகா அலுவலகத்துக்கு வந்தாள். கையில் கோடு போட்ட தாள்.

"நீங்க எழுத மாட்டீங்கன்னு தெரிஞ்சுபோச்சு. அதான் எனக்கு மனப்பாடமாச்சே, நானே எழுதிட்டேன். தப்பு இருந்தாப் பாருங்க."

பென்சிலால் எழுதியிருந்தாள், ஒவ்வொரு எழுத்தும் ஒரு திசையில் சாய்ந்து. தண்ணீர் என்ற சொல்லில் ஒரு எழுத்து தவறு. கடைசி வரியில் புள்ளிகள் இரண்டும் இருந்தன. அழுத்திய அழுத்தில் ஒரு புள்ளி தாளைக் கிழித்திருந்தது.

"உறுதியாத்தான் எழுதினீங்களாக்கா?"

"உறுதியா எழுதல. எழுதிட்டு உறுதி வருமான்னு பார்க்கறேன்," என்றாள். "வரலன்னா என்ன, எழுதினது எழுதினதுதானே."

தண்ணீரைத் திருத்தினேன். கீழே என் பெயரை எழுதிக் கையெழுத்துப் போட்டேன். 'மூலத்தில் உள்ளபடியே' என்று ஒரு குறிப்பு சேர்க்க வேண்டும், அதுதான் முறை. சேர்த்தேன். அது பொய்யா மெய்யா என்று எந்த நீதிபதி கேட்டாலும் என்னால் சொல்ல முடியாது. யாரும் கேட்கவில்லை. பதிவு அலுவலகத்து எழுத்தர் அதை எழுத்துக்கூட்டிப் படித்து முடிக்கவே கால் மணி நேரம் ஆனதாம், படித்து முடித்த சந்தோஷத்தில் முத்திரை குத்திவிட்டாராம்.

ஏப்ரலில் வஸ்ஃபி பே தொடரை முடித்தார். முடித்தார் என்பதைவிட நிறுத்தினார் என்பது சரி. பதிப்பாளர் ஒருவர் புத்தகமாகக் கேட்டார், வேண்டாம் என்றுவிட்டார். கடைசியாகக் கணக்குத் தீர்க்க வந்தவர் என் மேஜை அருகில் நின்றார்.

"அந்த அம்மா என்ன பண்ணினாங்க?"

சொன்னேன்.

"நான் சொன்னதை நம்பினாங்களா?"

"வலது கைன்னு நினைக்கறாங்க. உறுதியாத் தெரியலையாம்."

அவர் முகத்தில் என்னவோ ஓடியது. "விரல் இல்லாத ஒருத்தன் இருந்தான் மெதிஹா ஹனிம். அது நிச்சயம். ஜன்னலோரம். தூக்கத்துலதான் போனான். பேர்தான்..." கையைத் தூக்கினார், காற்றில் எதையோ தேடுவதுபோல. பிறகு தொப்பியை எடுத்துக்கொண்டு போனார். அதன் பிறகு அவர் எதுவும் எழுதி நான் பார்க்கவில்லை. ஒரு நோட்டரி அலுவலகத்தில் பழைய பத்திரங்களைப் படித்துச் சொல்லும் வேலை கிடைத்தது என்று கார்னிக் உஸ்தா சொன்னார்.

ஜூனில் சிதிகா ஹக்கியை மணந்தாள். கல்யாணத்துக்குப் போக முடியவில்லை, பத்து நாள் கழித்துப் போனேன். பெய்லர்பெயி பகுதியில் சின்ன வீடு, கீழே துறை. ஹக்கி வெள்ளரிக்காய் நறுக்கி உப்புத் தூவி வைத்தார். நல்ல மனிதர், கனத்த குரல். எழுத்துப் பள்ளித் தேர்வில் இரண்டு தடவை தேறவில்லை என்று அவரே சிரித்துக்கொண்டு சொன்னார்.

சிதிகா எங்கள் பத்திரிகையை விரித்து அவருக்குப் படித்துக் காட்டினாள். நடுவே நடுவே நின்று, ஒவ்வொரு சொல்லாக.

"மீன்... சந்தையில்... அயிலை..."

"அயிலை இல்ல, இப்ப அயிலை எங்க வருது? சூரைன்னு இருக்கும்."

"அயிலைன்னுதான் இருக்கு."

"நல்லாப் பாரு. ஜூன் மாசம் அயிலை வராது."

"பேப்பர்ல இருக்கறதைத்தானே படிக்கிறேன். வராததுக்கு நான் என்ன பண்ணட்டும்? தங்கச்சி, நீங்களே பாருங்க."

வாங்கிப் பார்த்தேன். அயிலை என்றுதான் இருந்தது. ஹக்கி சொன்னதும் சரிதான், ஜூனில் அயிலை வராது. அச்சில் பிழையா, சந்தைக்காரர் தப்பாகச் சொன்னாரா, இல்லை அந்த வருஷம் மீனும் முறை தவறி வந்ததா, எனக்குத் தெரியவில்லை. எனக்குத் தெரியவில்லை என்றே சொன்னேன். அவர்கள் இருவரும் என்னை விட்டுவிட்டு மறுபடி தமக்குள் வாதாடத் தொடங்கினார்கள். நான் வெள்ளரிக்காய் தின்றுகொண்டு, அடுத்த படகு எத்தனை மணிக்கு என்று யோசித்துக்கொண்டிருந்தேன்.